பிரமாணப் பத்திரத்தின் ஏழாவது பத்தி

மகனுக்கு,

நலமா என்று கேட்டு ஆரம்பிக்கப் போவதில்லை. காலையில்தான் தூத்துக்குடியிலிருந்து போன் செய்தாய். பெரியப்பா வீட்டில் கல்யாணப் பத்திரிகை வைத்தாயிற்று என்றாய், பெரியம்மா வற்புறுத்தியதால் நாலு இட்லி கூடுதலாகச் சாப்பிட்டேன் என்றாய். நன்றாகத்தான் இருக்கிறாய். போனை வைக்கும் முன், "டைனிங் டேபிள்ல வச்சிருக்க பேப்பர்ல கையெழுத்துப் போட்டுட்டியாம்மா? திங்கக்கெழம மதுரைக்குக் கொண்டு போகணும்லா" என்று கேட்டாய். "பாக்கேன்" என்றேன். பார்த்தேன். பார்த்ததால்தான் இதை எழுதுகிறேன். நேரில் சொன்னால் நீ பாதியில் குரலை உயர்த்துவாய், நான் பாதியில் இளகிப்போய் உனக்குக் காபி போட எழுந்துவிடுவேன். முப்பது வருடமாக அப்படித்தான் நடந்திருக்கிறது. அதனால் நீ ஊர் திரும்புவதற்குள் எழுதி, அதே டேபிளில் அதே இடத்தில் வைத்துவிடுகிறேன்.

நீ வைத்துவிட்டுப் போன காகிதத்தின் சாரம் இது. நாலு வருட ஆசிரியர் பயிற்சிப் படிப்புக்கு நம் டிரஸ்ட் விண்ணப்பித்து ஒரு வருடத்துக்கு மேலாகிறது. அனுமதி தர வேண்டிய அலுவலகம் சரி என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. ஆகவே இத்தனை வாரத்துக்குள் முடிவெடுக்க வேண்டும் என்று கோர்ட் உத்தரவிட வேண்டும்; அதுவரை மாணவர்களைச் சேர்த்துக்கொள்ள இடைக்கால அனுமதியும் வேண்டும். டிரஸ்டின் தலைவி நான் என்பதால் பிரமாணப் பத்திரத்தில் என் கையெழுத்து தேவை. ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் பென்சிலால் சின்னதாக ஒரு பெருக்கல் குறி போட்டு வைத்திருக்கிறாய், நான் இடத்தைத் தேடிக் கஷ்டப்படக் கூடாது என்று. நல்ல பிள்ளை. ஆனால் நான் கண்ணாடியை மாட்டிக்கொண்டு முதல் வரியிலிருந்து வாசித்தேன். ஏழாவது பத்தியில் நின்றுவிட்டேன். முன்பு கோர்ட்டின் இடைக்கால உத்தரவின்பேரில் இதே டிரஸ்ட் நடத்திய பி.எட். வகுப்பில் சேர்ந்த மாணவர்கள் எவருக்கும் எந்தப் பாதிப்பும் ஏற்படவில்லை என்று இருக்கிறது. வக்கீலுக்கு இதை யார் சொன்னது? அவர் சொந்தமாக எழுத மாட்டார். நீதான் சொல்லியிருக்கிறாய். வெற்றிலை பாக்குக் கடையில் நின்று பேசுகிற மாதிரி சொல்லியிருப்பாய்.

அந்த அலுவலகத்தின் மேல் உனக்கு இருக்கும் கோபத்தில் பாதி நியாயம், அதை நான் மறுக்க மாட்டேன். முதல் தடவை பி.எட்.டுக்கு விண்ணப்பித்தபோது கட்டடம் எழும்பிவிட்டது, ஆசிரியர்களைத் தேர்ந்தெடுத்துவிட்டோம், நூலகத்துக்குப் புத்தகம்கூட வந்து இறங்கிவிட்டது. அங்கிருந்து மட்டும் சத்தமே இல்லை. போன் செய்தால் ஃபைல் நகர்ந்துகொண்டிருக்கிறது என்பார்கள். எங்கிருந்து எங்கே என்று கேட்டால் லைன் போய்விடும். ஒரு கல்வியாண்டு அப்படியே கழிந்தது. பிறகுதான் ரிட் மனு போட்டோம். எட்டு வாரத்துக்குள் பரிசீலித்து முடிவைச் சொல்லுங்கள் என்று கோர்ட் சொன்னது. நான் கோமதியம்மனுக்கு மாவிளக்கு எடுத்தேன், தெரு முழுக்க அல்வா கொடுத்தேன். வக்கீல் போனில் சிரித்தார். "மேடம், முடிவெடுக்கணும்னுதான் சொல்லியிருக்காவ. குடுக்கணும்னு சொல்லல. அதுக்குள்ள அல்வாவக் கிண்டிட்டீயளா?" என்றார். அந்த மனுஷன் வாயில் நல்ல வார்த்தையே வராது என்று உன்னிடம் குறைப்பட்டுக்கொண்டேன். எட்டாவது வாரம் முடிகிற அன்று நிராகரிப்புக் கடிதம் வந்தது. கல்லூரியைப் பார்வையிட வரவேண்டியவர்கள் அவர்கள். வராமல் இருந்துவிட்டு, பார்வையிடல் நடக்கவில்லை என்பதையே ஒரு காரணமாக எழுதியிருந்தார்கள். இதுவரைக்கும் உனக்குத் தெரியும். ஊரில் எல்லோரிடமும் இதைத்தான் சொல்லிக்கொண்டு திரிகிறாய்.

உனக்குத் தெரியாதது ஒன்று இருக்கிறது. அந்தக் கடிதத்தில் இரண்டு காரணங்கள் இருந்தன. இரண்டாவது காரணம், கல்லூரி நிற்கிற இடம் டிரஸ்டின் பெயரில் இல்லை என்பது. அந்த எட்டு வாரத்துக்குள் அதைச் சரிசெய்யச் சொல்லி இரண்டு முறை எனக்கு எழுதியிருந்தார்கள். அந்தக் கடிதங்களை நான் பீரோவில் பட்டுச் சேலைக்கு அடியில் வைத்தேன். ராஜபாளையம் ரோட்டில் உன் அப்பா வாங்கிப் போட்ட மூன்று ஏக்கர் அது. அவர் போன பிறகு உனக்கும் எனக்கும் வந்தது. சார்பதிவாளர் அலுவலகத்தில் ஒரு முற்பகல் வேலை, நீயும் நானும் போய் டிரஸ்டுக்கு எழுதிக் கொடுத்திருந்தால் முடிந்தது. எழுதிக் கொடுத்துவிட்டால் அது உன்னுடையதாக இருக்காதே என்று எனக்கு மனசு வரவில்லை. நாளைக்குப் பெண் பார்க்கப் போனால் பையனுக்கு என்ன இருக்கிறது என்று கேட்பார்களே என்று யோசித்தேன். நான் நினைத்தபடியே ஆயிற்று. சம்பந்தி வீட்டார் அந்த இடத்தைக் காரில் இருந்தபடியே பார்த்துவிட்டுத்தான் தலையாட்டினார்கள். பூட்டிக் கிடக்கிற கல்லூரிக்குச் செயலர் என்பதற்காக உனக்குப் பெண் கொடுக்கிறார்கள் என்று நீ நினைத்துக்கொண்டிருந்தால் அந்த நினைப்பை விட்டுவிடு.

வக்கீலிடமும் அதை நான் அழுத்திச் சொல்லவில்லை. பதிவு நடந்துகொண்டிருக்கிறது என்று ஒரு வார்த்தை சொன்னேன். அவர் அலுவலகத்தின் தாமதத்தைப் பிடித்துக்கொண்டு இரண்டாவது மனு போட்டார், இடைக்கால உத்தரவு கிடைத்தது. வழக்கு முடியும்வரை மாணவர்களைச் சேர்க்கலாம். ஆனால் சேர்க்கை இறுதித் தீர்ப்புக்கு உட்பட்டது. அதை ஒவ்வொரு மாணவருக்கும் புரியும்படி எடுத்துச் சொல்லி எழுதி வாங்க வேண்டும். எங்கோ உட்கார்ந்திருக்கிற நீதிபதி நம் ஊர்ப் பிள்ளைகளை நினைத்து அந்த நிபந்தனையைப் போட்டார். நான் என்ன செய்தேன் என்பது உனக்கு மறந்திருந்தால் ஞாபகப்படுத்துகிறேன். உத்தரவில் நிபந்தனை இல்லாத முதல் பக்கத்தை மட்டும் நகலெடுத்துக் கல்லூரி வாசலில் ஒட்டினேன். உறுதிமொழியை ஆங்கிலத்தில் டைப் செய்யச் சொன்னேன். சான்றிதழ் பெற்றுக்கொண்ட ரசீது, பஸ் பாஸ் படிவம், நூலக அட்டை ஆகியவற்றுக்கு நடுவே அதைச் செருகினேன். எல்லாவற்றிலும் கையெழுத்து இடத்தில் பென்சிலால் பெருக்கல் குறி போட உனக்குச் சொல்லிக் கொடுத்தேன். அப்படிப் போட்டால் யாரும் வாசித்துக்கொண்டு நிற்க மாட்டார்கள், வரிசை வேகமாக நகரும் என்பது பள்ளிக்கூடத்தில் டீச்சராக இருந்தபோது நான் கற்ற வித்தை. இன்ஜினியரிங் முடித்து வேலை கிடைக்காமல் வீட்டில் படுத்துக் கிடந்த உன்னை அந்த மேஜையில் உட்காரவைத்ததும் நான்தான்.

மாரிச்செல்வியை உனக்கு ஞாபகம் இருக்கும். இளையரசனேந்தலுக்கு அந்தப் பக்கத்துக் கிராமம், கணக்கில் பட்டம் வாங்கியவள். நாற்பத்தொரு பேரில் அவள் ஒருத்திதான் பேனாவைக் கீழே வைத்தாள். "சார், இது என்ன பேப்பரு? வாசிச்சிட்டுப் போடட்டுமா?" என்று உன்னிடம் கேட்டாள். நீ திரும்பி என் முகத்தைப் பார்த்தாய். அந்த ஒரு நொடி நீ நல்லவனாக இருந்தாய், அதை நான் பார்த்தேன். "ஏட்டி, பின்னால எத்தன பேரு நிக்காவ, பாக்கியா? எல்லாம் சும்மா பார்மாலிட்டிதான். போடு" என்று நான் அதட்டினேன். அவள் போட்டாள். 'வாசித்துக் காட்டி, புரியவைத்த பின் கையொப்பம் பெறப்பட்டது' என்ற வரிக்குக் கீழே சாட்சியாக நீ போட்டாய், அப்போதுதான் பழகியிருந்த நீளமான வாலுடன். நாற்பத்தொரு தடவை போட்டாய். கை வலிக்கிறது என்று சொன்னதற்கு அன்றைக்கு உனக்குப் புரோட்டா வாங்கிக் கொடுத்தேன்.

அடுத்த இரண்டு வருடத்தை நினைத்தால் எனக்கு என்மேலேயே அருவருப்பு வருகிறது. தாமதம், தாமதம் என்று கத்திக்கொண்டு கோர்ட் படி ஏறியவள் நான். இடைக்கால உத்தரவு கையில் வந்தபிறகு வாய்தா கேட்டதும் நான்தான். ஒரு தடவை உடம்பு சரியில்லை, ஒரு தடவை ஆவணம் தயாராகவில்லை, ஒரு தடவை வக்கீல் வெளியூர். வழக்கு நடந்துகொண்டிருக்கும் வரைக்கும் கல்லூரியும் நடக்கும், அது முடிந்தால்தான் ஆபத்து. அந்த அலுவலகம் எனக்குச் செய்ததை நான் அந்தப் பிள்ளைகளுக்குச் செய்தேன், மாவிளக்கு எடுத்துக்கொண்டே செய்தேன். பிள்ளைகள் பாடம் படித்தார்கள், பள்ளிகளுக்குப் போய்ப் பயிற்சி வகுப்பு எடுத்தார்கள், பரீட்சை எழுதினார்கள். ரிசல்ட்டை மட்டும் பல்கலைக்கழகம் நிறுத்தி வைத்திருந்தது. கடைசி வருடத்திலேயே ஆசிரியர் தகுதித் தேர்வு எழுதி மாரிச்செல்வி முதல் தடவையில் தேறினாள். எனக்குச் சால்வை போர்த்திப் படம் எடுத்துக்கொண்டாள். பீரோவில் அந்தச் சால்வையும் இருக்கிறது, கடிதங்களுக்குப் பக்கத்தில்.

வழக்கு தள்ளுபடியானதும் நீ மூன்று நாள் ரூமை விட்டு வரவில்லை. சாப்பாட்டைக் கதவுக்கு வெளியே வைத்துவிட்டு வருவேன், தட்டு மட்டும் காலியாக இருக்கும். தீர்ப்பை நீ இன்றுவரை முழுதாக வாசிக்கவில்லை, இல்லையா? அலுவலகம் தாமதித்தது தவறு என்று அதில் கண்டித்திருக்கிறது. கூடவே, நிலம் டிரஸ்ட் பெயரில் இல்லாததைச் சரிசெய்யப் பல வாய்ப்பு இருந்தும் செய்யவில்லை, ஆகவே விண்ணப்பம் செல்லாது என்று இருக்கிறது. மாணவர்களைப் பற்றி ஒரே வாக்கியம். நிபந்தனையை அறிந்தே கையெழுத்திட்டிருக்கிறார்கள், எனவே சலுகை கோர முடியாது. பிறகு அவர்கள் வேறு கல்லூரியில் சேர்த்துக்கொள்ளுங்கள், எழுதிய பரீட்சையையாவது கணக்கில் எடுங்கள் என்று தனியாகக் கேட்டுப் போனபோதும் அந்தக் கையெழுத்தைக் காட்டித்தான் திருப்பி அனுப்பினார்கள். நாற்பத்தொன்றிலும் உன் வால் போட்ட கையெழுத்து இருக்கிறது.

தீர்ப்பு வந்த அந்த வாரமே மாரிச்செல்வியின் அப்பா கல்லூரிக்கு வந்தார். மானாவாரி உளுந்து விதைத்து வானத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிற மனுஷன், பஸ் மாறி மாறி வந்து சேர்ந்திருந்தார். நீ பின்கட்டு வழியாக ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு போய்விட்டாய். அவர் சத்தம் போடவில்லை. "அப்பம் எம்மவ ரெண்டு வருசமாப் படிச்சது படிப்பு இல்லியா, டீச்சரம்மா?" என்று கேட்டார். நான் அவருக்கு ஒரு டம்ளர் தண்ணீர்கூடக் கொடுக்கவில்லை. ஃபைலை எடுத்து அந்தத் தாளை முன்னால் போட்டேன். "எல்லாம் தெரிஞ்சுதான் அவ கையெழுத்துப் போட்டிருக்கா, அண்ணாச்சி" என்றேன். அவருக்கு இங்கிலீஷ் தெரியாது. தாளை இரண்டு கையாலும் பிடித்துக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோனார். "ஆமா, எம்மவ கையெழுத்துதான். அழகாப் போடுவா" என்று சொல்லிவிட்டு, தாள் கசங்காமல் மேஜைமேல் வைத்துவிட்டுப் போனார். நான் செய்ததிலெல்லாம் கேவலமானது அதுதான். அதை உன்னிடம் சொல்ல எனக்கு இவ்வளவு நாள் ஆயிற்று.

போன வாரம் உன் கல்யாணப் பட்டு எடுக்கத் தேரடிப் பக்கத்துக் கடைக்குச் சம்பந்தியம்மாவுடன் போனேன். ஆடித்தபசு முடிந்த கையோடு கல்யாணக் கூட்டம், கால் வைக்க இடமில்லை. சேலையை விரித்துக் காட்டியவள் மாரிச்செல்வி. கடைச் சீருடையில் இருந்ததால் முதலில் எனக்கு அடையாளம் தெரியவில்லை. "வாங்க டீச்சர், கல்யாணப் பட்டு பாக்கியளா?" என்றாள். சம்பந்தியம்மாவுக்குப் பெருமை. உங்க ஸ்டூடண்டா என்று என்னைக் கேட்டுவிட்டு, அவளிடம் திரும்பி, "படிச்சிட்டு ஏம்மா இங்கன நிக்க? டீச்சர் வேலைக்குப் போகலியா?" என்றாள். அவள் என்னைப் பார்த்தாள். சொல்லிவிடுவாள் என்று நான் சேலையின் விலைச்சீட்டைத் தேடுகிற மாதிரி குனிந்துகொண்டேன். "டெஸ்ட்டு பாஸ் பண்ணிட்டேம்மா. சர்டிபிகேட்டுதான் இன்னும் வரல" என்றாள். யார் கொடுக்க வேண்டும் என்று சம்பந்தியம்மா கேட்டாள். "அதத்தான் கோர்ட்ல கேட்டுட்டு இருக்கோம்" என்று சொல்லிவிட்டு அடுத்த சேலையை விரித்தாள். என்னைக் காட்டிக்கொடுக்காமல் விட்டதுதான் எனக்குத் தாங்கவில்லை. அவள் மடித்துக் கொடுத்த அரக்குப் பட்டைத்தான் உனக்கு வரப்போகிறவள் முகூர்த்தத்துக்குக் கட்டப் போகிறாள். தாலி கட்டும்போது ஞாபகம் வைத்துக்கொள்.

மறுநாள் தனியாகப் போனேன். மதியம் கடைக்குப் பின்னால் மாடிப்படியில் உட்கார்ந்து டப்பாவைத் திறந்துகொண்டிருந்தாள். மன்னிப்புக் கேட்க வந்தேன் என்றேன். சாப்பிட்டுக்கொண்டே, "அத வச்சு நான் என்ன டீச்சர் செய்ய? எழுதித் தாங்க" என்றாள். அவளும் இன்னும் சிலரும் மேல்முறையீடு செய்திருக்கிறார்களாம், இலவச சட்ட உதவியில் ஒரு பெண் வக்கீல் நடத்துகிறாள். அங்கேயும் தடையாக நிற்பது அந்தக் கையெழுத்துதான். நிபந்தனையை எங்களுக்கு யாரும் சொல்லவில்லை என்று அவர்கள் சொன்னால் யார் நம்புவார்கள்? வாங்கியவள் சொல்ல வேண்டும், இல்லை சாட்சி போட்டவன் சொல்ல வேண்டும்.

இன்று காலை உன் போன் வந்தபோது நான் சேலை மாற்றிக்கொண்டிருந்தேன். அந்தப் பெண் வக்கீலின் அறைக்குத்தான் புறப்பட்டுக்கொண்டிருந்தேன். அங்கே மாரிச்செல்வியும் வந்திருந்தாள், நான் கொடுக்க வேண்டிய பத்திரம் தயாராக இருந்தது. ஆங்கிலத்திலும் தமிழிலும் எழுதியிருந்தார்கள். நான் பேனாவைத் திறந்ததும் மாரிச்செல்வி, "இருங்க டீச்சர், வாசிச்சிக் காட்டிருதேன்" என்றாள். ஒவ்வொரு பத்தியாகத் தமிழில் வாசித்தாள். உத்தரவின் முதல் பக்கத்தை மட்டும் ஒட்டியது, உறுதிமொழியை மற்ற காகிதங்களுக்கு நடுவில் செருகியது, கேட்ட பெண்ணை அதட்டியது, நான் சொன்னதன்பேரில் என் மகன் வாசித்துக் காட்டாமலே சாட்சிக் கையெழுத்திட்டது, நிலத்தை வேண்டுமென்றே டிரஸ்டுக்கு எழுதிக் கொடுக்காதது. ஒவ்வொன்றின் முடிவிலும் நிறுத்தி, "புரிஞ்சுதா டீச்சர்?" என்று கேட்டாள். மூன்றாவது பத்தியில் எனக்குக் கோபம் வந்துவிட்டது. "எனக்கு வாசிக்கத் தெரியும்டி" என்றேன். "எனக்கும் அன்னைக்குத் தெரியும் டீச்சர்" என்றாள். அதற்குப் பிறகு பத்தி முடியும்போதெல்லாம் புரிகிறது, புரிகிறது என்று ஒன்றாம் வகுப்புப் பிள்ளை மாதிரி சொன்னேன். அந்தத் தாளில் பென்சில் குறி எதுவும் இல்லை. இடத்தை நானே தேடிக் கண்டுபிடித்துக் கையெழுத்துப் போட்டேன்.

இது என்னென்ன செய்யும் என்று எனக்குத் தெரியும். டிரஸ்டுக்கு இனி எந்த அலுவலகமும் அனுமதி தராது. என்மேல் வழக்கு வரலாம், வரட்டும். சம்பந்தி வீட்டார் பின்வாங்கலாம். அவர்களிடம் நான் சொல்லப் போவதில்லை, நீதான் சொல்ல வேண்டும், முகூர்த்தத்துக்கு முன்னால். அவர்கள் பெண்ணையும் வாசிக்காத காகிதத்தில் கையெழுத்துப் போட வைத்துக் கூட்டிக்கொண்டு வராதே. உன் புதிய விண்ணப்பத்தின் ஃபைலையும் பார்த்தேன். இந்தத் தடவையும் நிலத்தைத்தான் கேட்டிருக்கிறார்கள், 'பதிவு நடவடிக்கையில் உள்ளது' என்று நீயும் பதில் எழுதியிருக்கிறாய். என் வார்த்தையை அப்படியே எழுதியிருக்கிறாய். உன்னை நன்றாகத்தான் வளர்த்திருக்கிறேன். கோர்ட்டுக்குப் போகாதே என்று நான் சொல்லவே மாட்டேன். ஒரு அலுவலகம் காகிதத்தின் மேல் உட்கார்ந்துகொண்டால் தட்டி எழுப்ப நமக்கு வேறு இடம் இல்லை. ஆனால் நம் பக்கத்து ஓட்டையை அடைத்துவிட்டுப் போ. முடிவு தெரியும்வரை உன் வீட்டுச் சொத்தைப் பணயம் வை, ஊரான் பிள்ளையின் இரண்டு வருடத்தை வைக்காதே.

நீ வைத்துவிட்டுப் போன பத்திரம் இந்தக் கடிதத்துக்கு அடியில் இருக்கிறது. கையெழுத்துப் போடவில்லை. பெருக்கல் குறிகளை ரப்பரால் அழித்துவிட்டேன். மாரிச்செல்வி உன் பெயரிலும் ஒரு பத்திரம் தயாராக வைத்திருக்கிறாள், ஒரே பக்கம். என் வார்த்தை மட்டும் போதாதாம், அம்மா பழியைத் தன்மேல் போட்டுக்கொண்டு சொல்லுகிறாள் என்று எதிர்த்தரப்பு சொல்லுமாம். திங்கட்கிழமை நீ மதுரைக்குப் போக வேண்டிய வேலை இனி இல்லை. தேரடிப் பட்டுக் கடைக்குப் போ. ஒன்றரை மணிக்கு அவளுக்குச் சாப்பாட்டு இடைவேளை, பின்பக்கம் மாடிப்படியில் இருப்பாள். உனக்கும் வாசித்துக் காட்டுவதாகச் சொல்லியிருக்கிறாள்.

அம்மா